புகையிலைத் தறையும் செங்கொடியும்

1956ஆம் ஆண்டுத் தேர்தலில் இலங்கைக் கம்யூனிஸ்ட் கட்சிக்கு மூன்று ஆசனங்கள் கிடைத்தன. அக்குரஸ்ஸவில் டொக்டர் எஸ்.ஏ. விக்கிரமசிங்க, மத்திய கொழும்பில் பீட்டர் கெனமன், பருத்தித்துறையில் பொன். கந்தையா. முதல் இருவரின் வெற்றியில் வியக்க ஒன்றுமில்லை. கொழும்பில் துறைமுகமும் ஆலைகளும் இருந்தன. தெற்கில் விக்கிரமசிங்கவுக்கு நெடுநாளைய செல்வாக்கு இருந்தது. மூன்றாமவர் கரவெட்டிக்காரர். வேலைக்கு அழைக்கும் ஆலைச் சங்கின் ஒலியை ஒருநாளும் கேட்டிராத ஊர் அது. கிணறு, தோட்டம், வயல், பனை, கோயில், பள்ளிக்கூடம், இவ்வளவுதான் கரவெட்டி. தொழிலாளியின் கட்சி என்று தன்னைச் சொல்லிக்கொண்ட ஒரு கட்சி இங்கே எதில் வேர் ஊன்றியது?

இந்தக் கேள்வி எனக்குப் பழையது. அதைக் கரவெட்டிக்கே போய்க் கேட்கத் தூண்டியது அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்திலுள்ள வின்ஸ்டன்-சேலம் என்ற புகையிலைப் பட்டணத்தின் கதை. இரண்டு ஊர்களையும் சேர்த்து நினைக்க வைத்தது புகையிலை.

யாழ்ப்பாணம் பஸ் நிலையத்தில் 750ஆம் இலக்க பஸ் ஏறினேன். கோப்பாய், நீர்வேலி, புத்தூர், ஆவரங்கால் வரை இரு பக்கமும் வாழையும் வெங்காயமும் மதில்களுமாக வரும். பிறகு சட்டென்று எல்லாம் விலகி வல்லை வெளி திறக்கும். உப்புக் காற்று யன்னலுக்குள்ளால் முகத்தில் அடிக்கும். வீடில்லை, மரம் அதிகமில்லை. கடல்நீரேரியும் பாலமும் தொலைவில் பனைவரிசையும்தான். வலிகாமத்திலிருந்து வடமராட்சிக்குள் நுழைகிறோம் என்பதை எந்தப் பெயர்ப்பலகையும் சொல்ல வேண்டியதில்லை. வெளி முடிந்து கொஞ்ச நேரத்தில் நெல்லியடிச் சந்தி. கரவெட்டிக்குப் போகிறவர் இங்கே இறங்க வேண்டும்.

நெல்லியடி இன்று வங்கிகளும் நகைக்கடைகளும் தொலைபேசிக் கடைகளும் நெருக்கியடிக்கும் சந்தி. அங்கே ஒரு தேத்தண்ணிக் கடையில் இருந்தேன். பக்கத்து வாங்கில் பள்ளிச் சீருடையோடு இரண்டு பொடியன்கள் றோல்ஸ் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். மேசையைத் துடைக்க வந்த பெடியன் எல்லாருக்கும் ஒரே விதமான கண்ணாடிக் கிளாசில் தேத்தண்ணி வைத்தான். அந்தக் கிளாசைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். காரணத்தைப் பின்னால் சொல்கிறேன்.

மாசி மாதம் என்பதால் கரவெட்டிப் பக்கத்துத் தறைகளில் புகையிலை இடுப்பளவு நின்றது. தூரத்திலிருந்து பார்த்தால் பச்சைப் பாய். கிட்டப் போனால்தான் அதன் வேலை தெரியும். ஒவ்வொரு கன்றாகக் குனிந்து குருத்தை முறித்து, இலைக் கவட்டில் வெடிக்கும் புறமுளைகளைக் கிள்ளி எடுக்க வேண்டும். இல்லாவிட்டால் இலை தடிக்காது. ஐந்தாறு பெண்கள் தலையில் துணி கட்டி, ஆண்களின் நீளக்கைச் சேட்டை மேலே போட்டுக்கொண்டு வரிசை வரிசையாக முறித்துப் போனார்கள். ஒருவர் தன் கையை விரித்துக் காட்டினார். இலைப் பால் காய்ந்து உள்ளங்கை முழுதும் கறுத்த பிசினாக ஒட்டியிருந்தது. சவர்க்காரத்துக்குப் போகாது, எண்ணெய் தேய்த்துத்தான் கழுவ வேண்டும் என்றார். சாப்பிடும்போது சோறு கைக்கிறதாம்.

பம்பு வருமுன் இந்தத் தறைகளுக்குத் துலா மிதித்துத் தண்ணீர் இறைத்தார்கள். துலாவில் ஏறியவர்களும் கிணற்றடியில் பட்டை பிடித்தவர்களும் வாய்க்கால் மாறியவர்களும் பெரும்பாலும் நிலமில்லாதவர்கள். வெட்டிய இலையைப் புகைப்போறணையில் பொச்சுமட்டை போட்டு எரித்துப் பதப்படுத்திச் சிப்பமாகக் கட்டுவார்கள். யாழ்ப்பாணப் புகையிலை ஒரு காலத்தில் கப்பலேறித் திருவிதாங்கூருக்குப் போனது. அந்தச் சந்தை சரிந்தபோது, இலை சுருட்டாகித் தென்னிலங்கைக்குப் போனது. அப்படித்தான் சுருட்டுக் கொட்டில் யாழ்ப்பாணத்துத் தொழிலாளியின் முதல் பட்டறை ஆயிற்று.

அந்தக் கொட்டில்களில் சுருட்டுச் சுற்றியவர் ஒருவரைக் கரவெட்டியில் சந்தித்தேன். வயது எண்பதைத் தாண்டியிருக்கும். முற்றத்து வேப்பமரத்தின் கீழே கதிரை போட்டு இருத்தினார்.

"நாங்கள் நிலத்திலை சம்மணம் போட்டிருந்து சுத்துவம், தம்பி. ஒருத்தர் பேப்பர் வாசிப்பார். வாசிக்கிறவர் நல்லாய் வாசிக்க வேணும். தட்டித் தடவினால் எங்கடை கையும் நிண்டிடும்."

"என்ன வாசிப்பினம், ஐயா?"

"எல்லாம்தான். பேப்பர், கதைப்புத்தகம், பாரதம். பிறகு பிறகு கட்சிப் பேப்பர்."

சுருட்டுக் கொட்டிலில் வாசிக்கும் வழக்கம் யாழ்ப்பாணத்தில் பலருக்கும் நினைவிருக்கும். வேலை கைக்குரியது, காது சும்மா இருக்கிறது. எழுத்தறியாதவனும் ஒரு நாளில் உலகச் செய்தி முழுவதையும் கேட்டுவிடுவான். இந்த வழக்கம் உலகில் புகையிலை சுற்றிய பல இடங்களில் இருந்தது. அமெரிக்கத் தொழிற்சங்க இயக்கத்தின் தந்தையென்று சொல்லப்படும் சாமுவேல் கொம்பர்ஸ் நியூயோர்க்கில் சுருட்டுச் சுற்றியவர். தன்னுடைய அரசியற் படிப்பு சுருட்டுப் பட்டறையில் ஒருவர் வாசிக்க மற்றவர்கள் கேட்டதில்தான் தொடங்கியது என்று அவரே எழுதியிருக்கிறார். புளோரிடாவின் டம்பா நகரில் கியூபாவிலிருந்து வந்த தொழிலாளர்கள் தங்கள் கூலியிலிருந்து காசு சேர்த்து வாசிப்பாளரை அமர்த்தினார்கள். உயரமான மேடையில் இருந்து அவர் நாவலும் வாசித்தார், சோசலிசப் பத்திரிகையும் வாசித்தார். 1931இல் முதலாளிகள் அந்த மேடைகளைப் பிடுங்கி எறிந்துவிட்டு வானொலிப் பெட்டியை வைத்தார்கள். கேரளத்துக் கண்ணூரில் பீடிக் கொட்டில்களிலும் இதே வாசிப்பு நடந்தது. அந்தத் தொழிலாளர்கள்தான் 1969இல் தினேஷ் பீடிக் கூட்டுறவைக் கட்டினார்கள்.

புகையிலைத் தொழிலாளர்களுக்குள் இடதுசாரிச் சிந்தனை ஏன் இத்தனை இடங்களில் விரைவாகப் பற்றியது என்பதற்கு இந்த வாசிப்பு ஒரு காரணம் என்று நம்புகிறேன். மாஸ்கோவிலிருந்து ஆள் வந்துதான் சொல்லிக் கொடுக்க வேண்டும் என்றில்லை. தமிழில் வந்த கட்சிப் பத்திரிகை ‘தேசாபிமானி’யை ஒருவர் உரக்க வாசித்தால் ஒரு கொட்டிலே கேட்டது.

இனி வின்ஸ்டன்-சேலத்துக்கு வருகிறேன்.

ஆர்.ஜே. ரெனோல்ட்ஸ் கொம்பனியின் சிகரெட் ஆலைகள் அந்தப் பட்டணத்தையே ஆண்டன. பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் அங்கே வேலை செய்தார்கள், பெரும்பான்மையானவர்கள் கறுப்பினத்தவர்கள். இலையின் நடு நரம்பை உரித்தெடுக்கும் வேலை, தூசியும் வெக்கையும் நிறைந்த வேலை, கறுப்பினப் பெண்களுக்கென்று ஒதுக்கப்பட்டிருந்தது. சிகரெட் செய்யும் இயந்திரத்தடியில் வெள்ளையர்கள். குடிதண்ணீர்க் குழாய் வேறு, கழிப்பறை வேறு. யாழ்ப்பாணத்து வாசகருக்கு இதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

1943 யூன் மாதம் ஜேம்ஸ் மக்கார்டெல் என்ற தொழிலாளி வேலைத்தளத்திலேயே விழுந்து இறந்தார். நரம்பு உரிக்கும் பெண்கள் ஏற்கெனவே வேலையை நிறுத்தி உட்கார்ந்திருந்தார்கள். அந்த மரணத்தோடு போராட்டம் ஆலை முழுதும் பரவியது. அதிலிருந்து எழுந்தது உணவு, புகையிலை, விவசாயத் தொழிலாளர் சங்கத்தின் 22ஆவது கிளை. அந்தச் சங்கத்தின் தலைமையில் கம்யூனிஸ்டுகள் இருந்தார்கள், இதை எவரும் மறுப்பதில்லை. அவர்கள் செய்தது என்ன? ஒப்பந்தம் வாங்கிக் கொடுத்தார்கள். சங்க மண்டபத்தில் நூலகம் வைத்தார்கள். வாக்காளர் பட்டியலுக்குள்ளேயே விடப்படாத மக்களை ஆயிரக்கணக்கில் பதிய வைத்தார்கள். 1947இல் கெனத் வில்லியம்ஸ் என்ற கறுப்பினப் போதகர் வெள்ளையரை எதிர்த்து நின்று நகரசபைக்குத் தெரிவானார். அமெரிக்கத் தெற்கில் அந்நூற்றாண்டில் அதற்கு முன்னர் அப்படி நடந்ததில்லை. இலை உரித்துக்கொண்டிருந்த மொராண்டா சிமித் என்ற பெண் அந்தச் சங்கத்தின் தென்பிராந்திய இயக்குநர் ஆனார். அதே சங்கத்தைச் சேர்ந்த சார்ள்ஸ்டன் நகரச் சுருட்டாலைத் தொழிலாளர்கள் 1945-46 குளிர்காலத்தில் மறியல் வரிசையில் பாடிய ஒரு தேவாலயப் பாட்டுத்தான் பின்னாளில் கறுப்பின உரிமைப் போராட்டத்தின் கீதமாக உலகம் முழுதும் ஒலித்தது.

பிறகு அடி விழுந்தது. 1947இல் அமெரிக்கக் காங்கிரஸ் டாஃப்ட்-ஹார்ட்லி சட்டத்தை நிறைவேற்றியது. தான் கம்யூனிஸ்ட் இல்லை என்று சங்கத் தலைவர்கள் சத்தியக் கடதாசியில் கையெழுத்திட வேண்டும். இல்லாவிட்டால் அரசாங்கம் நடத்தும் தொழிற்சங்கத் தேர்தலில் அந்தச் சங்கத்துக்கு இடமில்லை. 1949இலும் 1950இலும் சிஐஓ என்ற பெரும் தொழிற்சங்கக் கூட்டமைப்பு தன்னுடைய 11 சங்கங்களைக் கம்யூனிஸ்டுகள் நடத்துகிறார்கள் என்று வெளியேற்றியது. ஏறத்தாழப் பத்து இலட்சம் உறுப்பினர்கள் அவற்றில் இருந்தார்கள். புகையிலைத் தொழிலாளர் சங்கமும் அதில் ஒன்று. ரெனோல்ட்ஸ் ஆலையில் 1950இல் நடந்த தேர்தலில் 22ஆவது கிளை மிகச் சொற்ப வாக்குகளால் தோற்றது. மொராண்டா சிமித் அதே ஆண்டில் இளவயதிலேயே இறந்தார். பாடகர் போல் றோப்சன் அவருடைய மரணச்சடங்குக்கு வந்தார். நரம்பு உரிக்கும் வேலைக்கு இயந்திரம் வந்தது. பெண்கள் வீட்டுக்குப் போனார்கள். அந்த ஆலையில் அதற்குப் பிறகு சங்கம் வேரூன்றவில்லை.

அமெரிக்கத் தொழிற்சங்கங்களையும் கம்யூனிசத்தையும் பற்றிப் பேசுகிறவர்கள் ஒரே வாக்குவாதத்தைத்தான் திரும்பத் திரும்ப நடத்துகிறார்கள். கட்சி சங்கத்தைப் பயன்படுத்தியதா, சங்கம் கட்சியைப் பயன்படுத்தியதா? கட்சியின் மேல் வைக்கப்படும் குற்றச்சாட்டில் உண்மையும் உண்டு. 1939இல் ஸ்டாலின் ஹிட்லரோடு ஒப்பந்தம் செய்தபோது போரை எதிர்த்தவர்கள், 1941 யூனில் சோவியத் மண்ணில் ஜெர்மன் படை நுழைந்ததும் போரை ஆதரித்து, வேலைநிறுத்தமே கூடாது என்று தொழிலாளிக்குச் சொன்னார்கள். இலங்கையிலும் அதே கதைதான். லங்கா சமசமாஜக் கட்சியிலிருந்து வெளியேற்றப்பட்டவர்கள் 1943 யூலையில் கம்யூனிஸ்ட் கட்சியை அமைத்தார்கள். அவர்களில் யாழ்ப்பாணத்து அ. வைத்திலிங்கமும் ஒருவர். போரை எதிர்த்த சமசமாஜத் தலைவர்கள் போகம்பரைச் சிறையிலிருந்து தப்பி இந்தியாவுக்குத் தலைமறைவாகப் போனபோது, கம்யூனிஸ்டுகள் போருக்கு ஆதரவாக நின்றார்கள். தூரத்துத் தலைநகரம் ஒன்று திரும்பினால் உள்ளூர்ச் சங்கமும் திரும்ப வேண்டியிருந்தது. இது பெரிய பலவீனம். இதை நான் மறைக்க விரும்பவில்லை.

ஆனால் நரம்பு உரித்த பெண்ணுக்கு அந்த வாக்குவாதம் என்னவாக இருந்திருக்கும்? அவள் பார்த்தது வேறு. தன்னை மனுசியாக மதித்து, தன் பக்கத்தில் இருந்து, தன்னைப் பேசச் சொன்னவர்கள் யார் என்பதை அவள் பார்த்தாள். கரவெட்டியில் என்ன நடந்தது என்பதையும் இந்தக் கண்ணால் பார்த்தால்தான் விளங்கும் என்று எனக்குப் பட்டது.

கரவெட்டிக்குத் தொழிற்சங்கம் வந்தது ரயிலில். இந்த ஊரின் படித்த பிள்ளைகள் கொழும்பில் எழுதுவினைஞர்களாக இருந்தார்கள். மாதம் பிறந்தால் மணியோடர் வரும். விடுமுறைக்கு ஆள் வருவார், சங்கக் கதையும் சேர்ந்து வரும். 1947 மே, யூன் மாதங்களில் அரசாங்க ஊழியர்கள் தொழிற்சங்க உரிமை கேட்டு வேலைநிறுத்தம் செய்தார்கள். யூன் 5ஆம் திகதி தெமட்டகொடையில் ஊர்வலத்தின் மேல் பொலிஸ் சுட்டது. இறந்தவர் கந்தசாமி என்ற தமிழ் எழுதுவினைஞர். அரசாங்க எழுதுவினைஞர் சங்கத்தின் தலைவராக இருந்தவர் சிங்களவரான ரி.பி. இலங்கரத்ன, வேலைநிறுத்தத்துக்காக அவரும் வேலையிழந்தார். சிங்களவரும் தமிழரும் ஒரே சங்கத்துக்காக அடிபட்ட காலம் ஒன்று இந்த நாட்டில் இருந்தது என்பதற்குக் கந்தசாமியின் உயிர் சாட்சி.

பொன். கந்தையா இங்கிலாந்தில் படித்துத் திரும்பியவர். விரும்பியிருந்தால் கொழும்பில் வசதியாக வாழ்ந்திருக்கலாம். அவர் வடமராட்சியின் ஒழுங்கைகளில் நடந்தார். 1956இல் அவர் வென்றதற்கு மொழிப் பிரச்சினை ஒரு காரணம். அப்போது கம்யூனிஸ்ட் கட்சி சிங்களத்துக்கும் தமிழுக்கும் சம அந்தஸ்து என்ற நிலைப்பாட்டில் நின்றது. யூன் மாதம் தனிச் சிங்களச் சட்டம் நாடாளுமன்றத்துக்கு வந்தபோது கந்தையா அதை எதிர்த்துப் பேசிய பேச்சை வடமராட்சியில் பழைய ஆட்கள் இப்போதும் சொல்வார்கள். சமசமாஜிகளும் கம்யூனிஸ்டுகளும் அந்தச் சட்டத்துக்கு எதிராக வாக்களித்தார்கள்.

இன்னொரு காரணம் ஊருக்குள் இருந்தது. சாதியால் ஒதுக்கப்பட்ட மக்கள் கந்தையாவைத் தங்கள் ஆளாக நினைத்தார்கள். ஒதுக்கப்பட்ட மக்களின் அமைப்பான சிறுபான்மைத் தமிழர் மகாசபையோடு சேர்ந்து, பள்ளிக்கூடமே இல்லாத குடியிருப்புகளுக்கு அரசாங்கப் பள்ளிகள் வர அவர் பாடுபட்டார். பக்கத்தில் தேவரையாளியில் க. சூரன் என்ற பெருமகன் 1914இலேயே தன் சமூகத்துப் பிள்ளைகளுக்குப் பள்ளி தொடங்கி வழி காட்டியிருந்தார். ஆக, நிலம் ஏற்கெனவே உழப்பட்டிருந்தது. கட்சி வந்து விதைத்தது என்று மட்டும் சொன்னால் சூரனுக்குச் செய்யும் அநியாயம். கந்தையா 1960இல் காலமானார், 46 வயதில். வடக்கிலிருந்து கம்யூனிஸ்ட் கட்சியின் இன்னொருவர் தேர்தலில் வென்று நாடாளுமன்றத்துக்குப் போகவில்லை.

விக்னேஸ்வராக் கல்லூரிப் பக்கமாக நடந்தேன். இந்தப் பள்ளியில் படித்தவர்கள் பட்டியலில் தமிழர் விடுதலைக் கூட்டணியின் தலைவராக இருந்த மு. சிவசிதம்பரமும் உண்டு, மார்க்சியத் திறனாய்வாளர் கார்த்திகேசு சிவத்தம்பியும் உண்டு. சிவத்தம்பி 1932இல் கரவெட்டியில் பிறந்தவர். பர்மிங்காமில் ஜோர்ஜ் தொம்சன் என்ற மார்க்சிய அறிஞரிடம் பண்டைத் தமிழ்ச் சமூகத்தின் நாடகத்தை ஆய்வு செய்தார். 1954இல் உருவான இலங்கை முற்போக்கு எழுத்தாளர் சங்கத்தின் தூண்களில் ஒருவர். கோட்பாட்டையும் ஊரையும் இணைக்கப் பாடுபட்ட அந்தத் தலைமுறைக்குக் கரவெட்டி ஒரு பட்டறையாக இருந்தது. சிவத்தம்பியின் எழுத்தில் பலருக்குப் பல வழக்குகள் உண்டு, எனக்கும் உண்டு. ஆனாலும் ஓர் ஊரின் சாதியையும் நிலத்தையும் கோயிலையும் தள்ளி வைத்துவிட்டு இலக்கியத்தைப் பேச முடியாது என்று எங்களுக்குக் கற்பித்தவர்களில் அவர் முதல் வரிசை.

இப்போது அந்தத் தேத்தண்ணிக் கிளாஸ்.

1957இல் சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டம் வந்தது. சாதி காரணமாகக் கடையிலோ பொது இடத்திலோ ஒருவரைத் தடுத்தால் குற்றம் என்று சட்டம் சொன்னது. யாழ்ப்பாணத்துத் தேத்தண்ணிக் கடைகளுக்கு அந்தச் சட்டம் எட்டவில்லை. ஒதுக்கப்பட்டவர்கள் வாங்கில் இருக்க முடியாது. வெளியே நின்று போத்தலிலோ பேணியிலோ சிரட்டையிலோ வாங்கிக் குடிக்க வேண்டும். காலையில் இருபது, முப்பது பனை ஏறி இறங்கிய சீவல் தொழிலாளி, காசை நிலத்தில் வைத்துத் தேத்தண்ணி வாங்கினார். அவர் இறக்கிய கள்ளை எல்லாரும் குடித்தார்கள்.

1964இல் கம்யூனிஸ்ட் கட்சி மாஸ்கோ, பீக்கிங் என்று உடைந்தது. இலங்கைத் தொழிற்சங்க சம்மேளனத்தின் பொதுச்செயலாளராக இருந்த நா. சண்முகதாசன் பீக்கிங் பக்கம் நின்றார். வெளியிலிருந்து வந்த பிளவு உள்ளூரில் நாசம் செய்யும் என்று நினைக்கத் தோன்றும். யாழ்ப்பாணத்தில் வேறு விதமாக நடந்தது. 1966 ஒக்டோபர் 21ஆம் திகதி பீக்கிங் அணியினர் சாதி ஒடுக்குமுறைக்கு எதிராகச் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணத்துக்கு ஊர்வலம் வைத்தார்கள். சுன்னாகத்தில் பொலிஸ் அடித்தது. ஊர்வலம் போய்ச் சேர்ந்தது. அடுத்த ஆண்டில் தீண்டாமை ஒழிப்பு வெகுஜன இயக்கம் அமைந்தது. எழுத்தாளர் கே. டானியல் அதன் அமைப்பாளர்களில் ஒருவர். சங்கானை நிச்சாமத்தில் மோதல், 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் மோதல், ஊரூராகத் தேத்தண்ணிக் கடைப் பிரவேசம்.

நெல்லியடிச் சந்தி அந்தப் போராட்டத்தின் களங்களில் ஒன்று. கரவெட்டியின் கன்பொல்லைக் கிராமம் அதன் கோட்டை. கன்பொல்லை மக்கள் அடி வாங்கினார்கள், திருப்பியும் அடித்தார்கள், உயிர்களையும் பறிகொடுத்தார்கள். அங்கே போய்க் கேட்டால் அந்த நாட்களை இன்னும் ஒரு குடும்பக் கதை போலச் சொல்கிறார்கள். யார் காவல் நின்றார், யார் சோறு சமைத்தார், எந்த வீட்டில் கூட்டம் நடந்தது என்று. ஒரு மூதாட்டி என்னிடம் கேட்டார்: "தம்பி, நீங்கள் எந்த ஊர்?" சொன்னேன். அடுத்து அவர் கேட்க நினைத்த கேள்வியைக் கேட்காமல் விட்டார். யாழ்ப்பாணத்தில் அந்த அடுத்த கேள்வி என்னவென்று எல்லாருக்கும் தெரியும். பிறகு அவரே தொடர்ந்தார்: "எங்களோடை நிண்டவை செங்கொடிக்காரர்தான். மற்றவை எல்லாரும் தமிழ், தமிழ் எண்டவை. நாங்களும் தமிழ்தானே?"

இதைத்தான் வின்ஸ்டன்-சேலம் பெண்களும் சொல்லியிருப்பார்கள் என்று எண்ணுகிறேன். சங்கத்துக்குள் கம்யூனிஸ்டுகள் வந்தது நல்லதா கெட்டதா என்று ஆலோசித்துக்கொண்டிருக்க வசதி உள்ளவர்கள் வேறு. கீழ்ப்படியில் நின்றவருக்கு, கையைக் கொடுத்தவர் இன்னார் என்பது மறக்காது. வர்க்கம் என்று நூலில் படித்தவர்கள் கன்பொல்லையில் சாதியைக் கண்டார்கள், வின்ஸ்டன்-சேலத்தில் நிறத்தைக் கண்டார்கள். அதைக் கண்டு ஒதுங்காமல் அதற்குள் இறங்கிய இடங்களில்தான் அவர்களுடைய சங்கம் உயிரோடு இருந்தது. என் கருத்து இதுதான், இதற்காக எவரோடும் வாதாடத் தயார்.

அதனால்தான் அடுத்து நடந்ததை நினைக்கும்போது கோபம் வருகிறது. 1963இல் இடதுசாரித் தொழிற்சங்கங்கள் ஒன்றுபட்டு 21 கோரிக்கைகளை முன்வைத்தன. நாட்டின் தொழிலாளர் இயக்கம் அதற்கு முன்னும் பின்னும் அவ்வளவு பலத்தோடு நின்றதில்லை. 1964 யூனில் சமசமாஜக் கட்சி சிறிமாவோ பண்டாரநாயக்கவின் அமைச்சரவையில் சேர்ந்தது. 21 கோரிக்கைகள் கைவிடப்பட்டன. ஏறத்தாழ ஒன்றரை வருடம் கழித்து, 1966 ஜனவரி 8ஆம் திகதி, தமிழ் மொழிக்குக் கொஞ்ச இடம் கொடுக்கும் ஒழுங்குவிதிகளை டட்லி சேனநாயக்கவின் அரசாங்கம் கொண்டுவந்தபோது, அதை எதிர்த்து வேலைநிறுத்தத்துக்கு அழைத்தவர்களில் சமசமாஜக் கட்சியும் மாஸ்கோ சார்புக் கம்யூனிஸ்ட் கட்சியும் இருந்தன. பத்து வருடத்துக்கு முன் கந்தையா எழுந்து பேசிய அதே கட்சி. தொழிலாளியின் வேலைநிறுத்தம் என்ற ஆயுதம் தமிழ்த் தொழிலாளியின் மொழிக்கு எதிராகத் தூக்கப்பட்டது. அன்று கொழும்பு ஊர்வலத்தில் பொலிஸ் சுட்டு ஒரு பௌத்த பிக்கு இறந்தார். 1947இல் கந்தசாமி சிந்திய இரத்தத்துக்கு அவருடைய தோழர்கள் செய்த மரியாதை இதுவா?

அமெரிக்காவில் கம்யூனிஸ்டுகளைச் சங்கத்திலிருந்து துரத்த ஒரு சட்டமும் கூட்டமைப்பின் தீர்மானமும் தேவைப்பட்டன. இலங்கையில் தமிழ் எழுதுவினைஞரை இடதுசாரிச் சங்கத்திலிருந்து எவரும் தீர்மானம் போட்டுத் துரத்தவில்லை. அவர்கள் தாங்களாகவே விலகிப் போக வேண்டிய நிலை வந்தது. சிங்களப் பரீட்சை எழுத மறுத்ததற்காகச் சம்பள உயர்வை இழந்த எழுதுவினைஞர் கோடீஸ்வரன் நீதிமன்றம் ஏறினார். 1964இல் மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. 1967இல் உயர் நீதிமன்றம் அதை மாற்றியது. 1969இல் வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. ஒரு தொழிலாளியின் சம்பளப் பிரச்சினை அது. அதற்குச் சங்கம் தெருவில் இறங்கியிருக்க வேண்டும். அவருடைய பிள்ளைகளின் தலைமுறை செங்கொடியைத் தேடிப் போகவில்லை. அவர்கள் எங்கே போனார்கள் என்பதற்கு வடமராட்சியின் ஒவ்வோர் ஒழுங்கையும் சாட்சி சொல்லும்.

வேப்பமரத்தடி ஐயாவிடம் திரும்பப் போனபோது இந்தக் கதையைக் கேட்டேன். அவர் நெடுநேரம் பேசவில்லை. பிறகு சொன்னார்: "கட்சி எங்களை விட்டிட்டுது, தம்பி. ஆனால் கட்சி இல்லாட்டி நான் இந்தக் கதிரையிலை இருந்து உங்களோடை கதைச்சிருக்க மாட்டன். இரண்டும் உண்மை."

அந்தப் போராட்டங்களில் நிலைத்த ஒன்று சீவல் தொழிலாளரின் கூட்டுறவு. தவறணைகளைக் குத்தகைக்கு எடுத்த முதலாளிகள் கள்ளிறக்கியவரை வைத்துப் பிழைத்த முறை 1970களின் தொடக்கத்தில் மாறியது. பனை தென்னை வள அபிவிருத்திக் கூட்டுறவுச் சங்கங்கள் தவறணைகளைப் பொறுப்பேற்றன. விற்கும் கள்ளுக்குக் கணக்கு எழுதி, உறுப்பினருக்குச் சேமிப்பும் மரத்திலிருந்து விழுந்தால் உதவிப்பணமும் கொடுக்க ஒரு வழி பிறந்தது. போர் நடந்த காலம் முழுதும் இந்தச் சங்கங்கள் ஏதோ ஒரு வகையில் தாக்குப் பிடித்தன. கரவெட்டிப் பக்கத்தில் ஒரு தவறணையின் முன்னால் முட்டியைத் துவிச்சக்கரவண்டியில் கட்டிக்கொண்டு வந்தவர் அளந்து ஊற்ற, உள்ளே ஒருவர் கொப்பியில் பதிந்துகொண்டிருந்தார். இருவரும் ஒரே உயரக் கதிரையில் இருந்தார்கள். இப்போது இளைஞர்கள் பனையேற வருவதில்லை, இருப்பவர்களும் முதியவர்கள். சங்கம் உண்டு, ஏறுவார் குறைவு.

புகையிலைத் தறையில் இதற்கு மறுதலை. அங்கே ஆட்கள் உண்டு, சங்கம் இல்லை. குருத்து முறித்துக்கொண்டிருந்த பெண்களிடம் கூலியைப் பற்றிக் கேட்டேன். தோட்டக்காரர் ஒவ்வொருவரும் ஒவ்வொரு கணக்கு. ஆணுக்கு ஒரு கூலி, பெண்ணுக்கு அதைவிடக் குறைவு. காலை ஆறு மணிக்கு வந்தால் வெயில் ஏறும் வரை. மழை பெய்தால் வேலை இல்லை, கூலியும் இல்லை. போரில் கணவரை இழந்தவர் ஒருவர், வெளிநாடு போவதற்குக் கட்டிய காசு பறிபோன மகனைப் பெற்றவர் ஒருவர். எல்லாருக்கும் பொதுவாக இருந்தது நுண்கடன். கிழமைக்கு ஒருநாள் கடன் வசூலிக்க மோட்டார் சைக்கிளில் ஆள் வருவார். ஒருவர் கட்டாவிட்டால் குழுவிலுள்ள மற்றவர்கள் கட்ட வேண்டும்.

"சங்கம் ஒண்டும் இல்லையோ, அக்கா?"

"மாதர் சங்கம் இருக்கு. சீட்டுப் பிடிப்பம்."

"கூலிக்காகச் சங்கம்?"

அவர் பக்கத்தில் இருந்தவரைப் பார்த்தார். அந்தப் பெண் கிள்ளிய முளையை வரம்பில் போட்டுவிட்டுச் சொன்னார்: "அண்டைக்குக் கடன்காரன் வந்து கத்தினவன். நாங்கள் பன்னிரண்டு பேரும் சேர்ந்து போய் அவன்ரை கந்தோர் வாசலிலை நிண்டம். அதுக்குப் பிறகு அவன் கத்திறேல்லை. அது சங்கமோ, தம்பி?"

அதுதான் சங்கம் என்றேன். அப்படியென்றால் கூலிக்கும் போய் நிற்கலாமோ என்று அவர் மற்றவர்களைக் கேட்டார். அதைப் பற்றி அவர்கள் பேசத் தொடங்கினார்கள். ஒருவர் வேண்டாம் என்றார், ஒருவர் எந்தத் தோட்டக்காரரிடம் முதலில் கேட்பது என்று கணக்குப் போட்டார். நான் வரம்பால் நடந்து வெளியே வந்தபோது அந்தப் பேச்சு இன்னும் நடந்துகொண்டிருந்தது.